ரத்தான விமானத்தில் சித்தி பறந்த கதை

"ஜன்னல் பக்கமா, நடைபாதைப் பக்கமா?" என்று ஒரு பெண் ஒருமுறை என்னிடம் கேட்டாள்.

நான் விமானத்தில் ஏறியதே இல்லை. அன்றும் ஏறவில்லை. அந்தப் பெண் நின்றிருந்தது விமான நிலையமும் இல்லை. ஊருக்குள், ஒரு பல் மருத்துவமனைக்கும் ஜெராக்ஸ் கடைக்கும் நடுவே இருந்த கட்டடத்தின் முதல் மாடி அது. வாசலில் 'ரத்தான பயணங்களுக்குப் பணம் திரும்பப் பெறும் பிரிவு' என்று பலகை தொங்கியது. சித்திக்கு அவளுடைய டிக்கெட்டில் இருந்தபடி பன்னிரண்டாம் வரிசையின் நடு இருக்கையை ஏற்கெனவே ஒதுக்கிவிட்டார்கள். நான் உடன் வந்தவள் என்பதால் என் விருப்பத்தைக் கேட்டார்கள். நான் சித்தியைப் பார்த்தேன்.

"எந்தப் பக்கம் உக்காந்தா காசு சீக்கிரம் வரும்?" என்று சித்தி கேட்டாள்.

"ரெண்டு பக்கமும் ஒரே நேரத்துக்குத்தாங்க போய்ச் சேரும்," என்றாள் அந்தப் பெண், மிகவும் இனிமையாக.

சித்தி என் அம்மாவின் தங்கை. நர்ஸுகளுக்கும் ஓட்டல் சிப்பந்திகளுக்கும் சீருடை தைப்பவள். நான் ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டதிலிருந்து அவள் வீட்டில் பொத்தான் தைக்கிறேன். வகுப்பில் எழுந்து நின்று பதில் சொல்லச் சொன்னால் எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்ளும். வேறு காரணம் எதுவும் இல்லை. சித்தி என்னை ஊமைக்கோட்டான் என்றுதான் கூப்பிடுவாள். என் பங்குப் பேச்சையும் அவளே பேசித் தீர்த்துவிடுவதால் வீட்டில் யாருக்கும் குறை தெரிந்ததில்லை.

சித்தியின் ஒரே மகள் கடல் தாண்டிய ஊரில் இருக்கிறாள். தலைப்பிரசவம். புருஷனுக்கு ஷிப்ட் வேலை, பக்கத்தில் பேச்சுத்துணைக்குக்கூட ஆள் இல்லை. "அம்மா, நீ வந்துருவல்ல?" என்று ஒவ்வொரு போனிலும் கேட்டாள். சித்தி நாலைந்து ஓட்டல்களிடம் முன்பணம் வாங்கி டிக்கெட் எடுத்தாள். பழைய மெத்தென்ற துணியில் குழந்தைச் சட்டைகள் தைத்துப் பெட்டியில் அடுக்கினாள். கிளம்புவதற்கு முதல் நாள் சாயங்காலம் போனில் செய்தி வந்தது: 'தவிர்க்க முடியாத காரணங்களால் தங்கள் விமானம் ரத்து செய்யப்பட்டுள்ளது. எங்களுடன் பறந்தமைக்கு நன்றி.'

"எங்கடி பறந்தேன்? பெட்டிய பூட்டுறதுக்கு முன்னாடியே நன்றி சொல்றான்!" என்றாள் சித்தி.

அந்தப் பணம் திரும்பினால்தான் வேறு விமானத்தில் டிக்கெட் எடுக்க முடியும். போன் செய்தோம். பதிவு செய்த குரல், எங்கள் அழைப்பு தங்களுக்கு மிகவும் முக்கியம் என்றது. சித்தி போனைத் தையல் மிஷின் மேல் வைத்துவிட்டு ஒரு கோட்டு முழுவதும் தைத்து முடித்தாள். குரல் அதையே சொல்லிக்கொண்டிருந்தது. "புருஷன்கூட என்னை இத்தனை தடவை முக்கியம்னு சொன்னதில்ல," என்று சித்தி போனை வைத்தாள். மறுநாள் நேரிலேயே போய்விடலாம் என்று என்னையும் கூட்டிக்கொண்டு கிளம்பினாள். பொடி எழுத்துப் படிக்க அவளுக்கு நான் வேண்டும்.

இருக்கைச் சீட்டு வாங்கியதும் எங்களைச் சோதனைக்கு அனுப்பினார்கள். செருப்பைக் கழற்றி ஒரு தட்டில் வைத்தோம். சித்தியின் பையிலிருந்து காவலாளி சின்னக் கத்தரிக்கோலையும் ஊசிப் பொட்டலத்தையும் எடுத்துத் தனியே வைத்தார்.

"ஊசிய வச்சு நான் என்னய்யா பண்ணப் போறேன்?"

"விமானத்தைக் கடத்தலாம்மா."

"எங்க கடத்திட்டுப் போறது? பக்கத்துல பல் டாக்டர்கிட்டயா?"

காவலாளி சிரிக்கவில்லை. "அதெல்லாம் எனக்குத் தெரியாதும்மா. எடுத்து வைக்கச் சொல்லியிருக்காங்க, வைக்கிறேன்."

அடுத்து எங்கள் கோப்பைத் தராசில் வைத்தார்கள். அவர்கள் கொண்டுவரச் சொன்ன தாள்களின் எடை, அவர்கள் அனுமதிக்கும் எடையைவிடக் கூடுதலாக இருந்தது. கூடுதல் எடைக்குக் கட்டணம் கட்டலாம், அல்லது சில தாள்களை விட்டுவிட்டு வரலாம். தாள் குறைந்தால் கோரிக்கை செல்லாது. சித்தி ஓரமாகப் போய் வங்கிப் புத்தகத்தின் நகலை இடுப்பில் செருகிக்கொண்டாள். மகளுடைய டாக்டரின் கடிதத்தை என் சட்டைக்குள் திணித்தாள். பக்கத்தில் ஒருவர் தன் அடையாள அட்டை நகல்களை இரண்டு காலுறைக்குள்ளும் பிரித்து வைத்துக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்துப் பழகிய சிரிப்பு ஒன்று சிரித்தார்.

உள்ளே நீண்ட, குறுகலான கூடம். நடுவில் நடைபாதை, இரண்டு பக்கமும் மூன்று மூன்று இருக்கைகள். சுவரில் வட்டமாக வெட்டிய அட்டைகளில் மேகப் படங்கள் ஒட்டியிருந்தார்கள். தலைக்கு மேல் கோப்பு வைக்கப் பெட்டிகள் இருந்தன. கோடியில் ஒரு நீலத் திரை. திரைக்குப் பின்னால்தான் பணம் பற்றிப் பேசும் கவுண்ட்டர் என்று சொன்னார்கள். எங்கள் இருக்கைக்கு எதிர்ப்பக்கச் சுவரில் சிவப்பு எழுத்தில் 'அவசர வழி' என்று எழுதிய கதவு ஒன்று இருந்தது. அதுவும் அட்டைதான் என்று நினைத்தேன்.

பின்வரிசையில் கழுத்தைச் சுற்றி வளைந்த தலையணை மாட்டிக்கொண்டு ஒரு பெரியவர் உட்கார்ந்திருந்தார். முன்னால் குனிந்து, "முதல் தடவையா பறக்கறீங்களா?" என்றார்.

"நாங்க பணம் வாங்க வந்திருக்கோங்க," என்றாள் சித்தி.

"எல்லாரும் அப்படித்தாம்மா ஆரம்பிப்போம்," என்றார் தலையணைக்காரர். "காது அடைச்சா எச்சில் முழுங்குங்க, சரியாயிரும்."

கதவைச் சாத்தினார்கள். ஒலிபெருக்கியில் ஒரு கனத்த குரல் கேட்டது.

"பயணிகளுக்கு வணக்கம். நான் உங்கள் கேப்டன் பேசுகிறேன். கோரிக்கைகள் பரிசீலிக்கப்படும் உயரத்தை இன்னும் சற்று நேரத்தில் அடைவோம். வெளியே வெயில் கடுமை. உள்ளே இதமாக இருக்கிறது. பரிசீலனையின்போது சிறு குலுக்கல்கள் ஏற்படலாம். இருக்கைப் பட்டியை அணிந்துகொள்ளுங்கள். கைபேசிகளைத் தயவுசெய்து ஃப்ளைட் மோடில் வையுங்கள்."

எல்லோரும் குனிந்து கைபேசியில் இருந்த விமானப் படத்தை அழுத்தினார்கள். இருக்கை கேட்ட அதே பணிப்பெண் நடைபாதையில் வந்து நின்று, கைகளை நீட்டி மடக்கிப் பாதுகாப்பு விளக்கம் செய்து காட்டினாள். "உங்கள் கோரிக்கை நிராகரிக்கப்பட்டால், மேலிருந்து முகமூடி தானாக இறங்கும். முதலில் நீங்கள் மாட்டிக்கொண்டு, பிறகு உடன் வந்தவருக்கு உதவுங்கள்."

சித்தி என் காதில், "உனக்கு மாட்டிவிட்டாலும் நீ மூச்சு விடப்போறதில்ல, நான் எனக்கே வச்சுக்கறேன்," என்றாள்.

பிறகு சின்னக் கோப்பையில் பழச்சாறு கொடுத்தார்கள். சித்தி எழுந்து திரைப்பக்கம் நடக்க முயன்றபோதெல்லாம் தலைக்கு மேல் மணி அடித்து, இருக்கைப் பட்டி படம் போட்ட விளக்கு எரிந்தது. "குலுக்கல் இருக்கு, உக்காருங்க மேடம்," என்று பணிப்பெண் ஓடிவந்தாள். எந்தக் குலுக்கலும் இல்லை. ஆனால் தலையணைக்காரர் இருக்கையின் கைப்பிடியை இறுகப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடியிருந்தார்.

கடைசியில் கேப்டன், இறங்கப்போகிறோம் என்றார். உடனே அத்தனை பேரும் திமுதிமுவென்று எழுந்து, மேலிருந்த கோப்புகளை இழுத்துக்கொண்டு, ஒருவர் முதுகில் ஒருவர் ஒட்டி நடைபாதையில் நின்றார்கள். கதவு திறக்க நெடுநேரம் ஆயிற்று. யாரும் திரும்ப உட்காரவில்லை. நாலைந்து பேர் கைதட்டினார்கள்.

வாசலில் பணிப்பெண் கைகூப்பி, "எங்களோட பறந்ததுக்கு நன்றி," என்றாள்.

"காசு?" என்றாள் சித்தி.

"அது அடுத்த பயணத்துல, மேடம்."

அடுத்த பயணத்திலும் அது அடுத்த பயணத்துக்குப் போயிற்று. அதற்கடுத்த பயணத்தில் சித்திக்கு ஒரு வழி கிடைத்தது. விளக்கத்துக்காகப் பணிப்பெண் கையை உயர்த்தியபோது அவள் கோட்டின் அக்குள் தையல் பிரிந்து உள்ளாடை தெரிந்தது. அவள் சட்டென்று கையை இறக்கிக்கொண்டாள். முகம் சிவந்துவிட்டது.

"இங்க வா பொண்ணு," என்று சித்தி அவளைப் பக்கத்தில் இழுத்து, காவலாளி கண்ணில் படாத ஊக்கு ஒன்றைக் கொண்டையிலிருந்து எடுத்தாள். "இதை எவன் தச்சான்? ஒத்தைத் தையல் போட்டு ஏமாத்தியிருக்கான். மேல பறக்கற புள்ளைங்களுக்கு இப்படியா தைக்கறது?"

"மேலயா?" என்றாள் பணிப்பெண் மெதுவாக. "நான் மேல போனதே இல்லைங்க. வேலைக்குச் சேர்ந்த அன்னிக்கே இங்க போட்டுட்டாங்க. அப்பா அம்மாகிட்ட சொல்லல. ஊர்ல, பொண்ணு மேல போயிட்டிருக்கான்னு வானத்தைப் பாத்துக் கைகாட்டிட்டு இருக்காங்க."

சித்தி ஊக்கைக் குத்தி முடித்து அவள் தோளைத் தட்டினாள். பணிப்பெண் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு நீலத் திரையின் ஓரத்தை விலக்கிப் பிடித்தாள். நாங்கள் உள்ளே நுழைந்தோம்.

திரைக்கு அப்பால் இருந்தவை உயர்வகுப்பு. அதே நாற்காலிகள்தான். ஆனால் அங்கே இருப்பவர்களின் பணம் தாமதமாவதற்கு முன் சூடான துண்டு தருகிறார்கள். கோடியில் கவுண்ட்டர். அதன் பின்னால், தோளில் தங்கப் பட்டைகள் வைத்த வெள்ளைச் சட்டையோடு கேப்டன் உட்கார்ந்திருந்தார்.

"உக்காருங்க மேடம். என்ன பிரச்சினை?"

"என் விமானம் ரத்தாயிடுச்சு சார். பணம் வேணும். பொண்ணுக்குத் தலைப்பிரசவம், தேதி நெருங்கிடுச்சு."

கேப்டன் அனுதாபத்தோடு தலையசைத்தார். "மேடம், ஒரு விமானம் ரத்தாகும்போது பயணி ரெண்டு விஷயத்தை இழக்கிறார். ஒண்ணு பணம். இன்னொண்ணு அனுபவம். மத்த கம்பெனிங்க என்ன பண்றாங்க? பணத்தை மூஞ்சில விட்டெறிஞ்சுட்டுக் கதவைச் சாத்திடறாங்க. மனசாட்சியே கிடையாது. அந்தப் பயணியோட அனுபவத்துக்கு யார் பொறுப்பு? நாங்க அப்படி இல்ல. முதல்ல அனுபவத்தைத் திருப்பித் தர்றோம்."

"எனக்கு அனுபவம் வேணாம் சார். பணத்தை மட்டும் குடுங்க."

"பணம் மட்டும் போதும்னு சொல்றீங்க பாருங்க, அதைக் கேக்கறப்பதான் எனக்கு வருத்தமா இருக்கு."

"சார், குழந்தை காத்துட்டு இருக்காது."

"புரியுது. பிரசவத்தைக் கொஞ்சம் தள்ளிவைக்க முடியுமான்னு பொண்ணுகிட்ட கேட்டுப் பாருங்களேன். நாங்க எத்தனை விமானத்தைத் தள்ளிவைக்கிறோம்! ஒத்துழைப்புன்னா ரெண்டு பக்கமும் இருக்கணுமில்லையா?"

சித்தி நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டாள். "சரி சார், ஒண்ணு மட்டும் சொல்லுங்க. என் விமானம் ஏன் ரத்தாச்சு? மழையா, காத்தா?"

"அதெல்லாம் இல்ல மேடம். ஓட்ட ஆள் இல்ல. பணிப்பெண்களும் இல்ல."

"அவங்க எல்லாம் எங்க போனாங்க?"

"இங்கதான் இருக்காங்க." கேப்டன் பெருமையோடு கூடத்தைச் சுட்டிக்காட்டினார். "பணம் திரும்பக் கேட்டு இவ்வளவு பேர் வர்றீங்களே, கவனிக்க ஆள் வேணாமா? கூட்டம் கூடக்கூட, இன்னும் கொஞ்சம் விமானத்தை ரத்து பண்ணி இங்க ஆள் அனுப்புறோம். இந்த சீட்டெல்லாம்கூட அந்த விமானத்துலேர்ந்து கழட்டிட்டு வந்ததுதான். உங்க சீட்டு என்ன? பன்னிரண்டு, நடு இருக்கையா? நீங்க இத்தனை நாளா உக்காந்திருக்கறது அதே சீட்டுதான் மேடம். நீங்க வாங்கின சீட்டை நாங்க வேற யாருக்கும் குடுக்கல."

சித்தி திரும்பித் திரைக்கு அப்பால் பார்த்தாள். தன் இருக்கையை அப்போதுதான் முதல்முறை பார்ப்பவள்போல் பார்த்தாள்.

"அப்ப ரத்து பண்ணாம இருந்தா நாங்க இங்க வரவே மாட்டோமே சார்?"

"அப்படிப் பாத்தா இந்தப் பிரிவையே மூடிற வேண்டியதுதான்," என்றார் கேப்டன். அவர் முகத்தில் உண்மையான கவலை தெரிந்தது. "இத்தனை பேருக்கு வேலை போயிடும். நீங்க ஒரு தாய். நீங்களே இப்படிப் பேசலாமா?"

இறுதி முடிவு கூடிய சீக்கிரம் தெரிவிக்கப்படும், அது தெரிவிக்கப்படும் பயணத்தில் விண்ணப்பதாரர் தன் இருக்கையில் இருந்தாக வேண்டும், இல்லையென்றால் கோரிக்கை காலாவதியாகும் என்று சொல்லி அனுப்பினார். எந்தப் பயணம் என்று அவருக்கும் தெரியாது. ஆகவே எல்லாப் பயணத்துக்கும் போனோம். வீட்டில் கோட்டுகள் வெட்டியபடியே கிடந்தன. முன்பணம் கொடுத்த ஓட்டல்காரர்கள் வாசலில் வந்து நின்றார்கள். "இப்பதான் தரை இறங்கினேன், கொஞ்சம் பொறுங்க," என்று சித்தி அவர்களிடம் சொன்னாள். கிண்டலாகத்தான் சொன்னாள் என்று நினைக்கிறேன்.

ஒருநாள் ஏ.சி. பழுதாகிக் கூடத்தின் பயணமே ரத்தாயிற்று. அன்றுதான் அந்தக் கட்டடத்தில் கலவரம் என்று ஒன்றைப் பார்த்தேன். வழக்கமாக வருபவர்கள் படிக்கட்டில் நின்று கத்தினார்கள். தலையணைக்காரர் எல்லோருக்கும் முன்னால் நின்று, கழுத்துத் தலையணை ஆட, "இன்னிக்கு நான் பறந்தே ஆகணும்! வீட்ல சொல்லிட்டு வந்திருக்கேன்!" என்று கூச்சலிட்டார்.

"உங்க விமானம் எப்பங்க ரத்தாச்சு?" என்று சித்தி அவரிடம் கேட்டாள்.

அவர் கொஞ்சம் யோசித்தார். "என் பையன் கல்யாணத்துக்குப் போறதுக்காக எடுத்தது. அவன் புள்ளை இப்ப ஸ்கூலுக்குப் போறான்." பிறகு நிமிர்ந்து, "ஆனா ஒண்ணு சொல்லணும். இவங்க அளவுக்கு நேரம் தவறாம கிளம்பற கம்பெனிய நான் பாத்ததில்ல," என்றார்.

அன்று ரத்தான கூடத்துப் பயணத்துக்காக வந்தவர்களைக் கவனிக்கக் கீழ்த்தளத்தில் ஒரு புதிய கூடம் திறக்கப்போவதாகவும், அதற்கு ஆள் வேண்டியிருப்பதால் மேலும் சில விமானங்கள் ரத்தாகும் என்றும் கேப்டன் அறிவித்தார். கூட்டம் சமாதானமாகிக் கலைந்தது.

இதற்கிடையில் சித்தியின் மகள் போனில் கேட்பது மாறிவிட்டது. வந்துருவல்ல என்று இப்போது கேட்பதில்லை. ஒரு காலை நேரத்தில் அவள் குரல் மிகவும் மெலிந்து வந்தது. நான் பொத்தானோடு பக்கத்தில் உட்கார்ந்திருந்ததால் எனக்கும் கேட்டது.

"அம்மா, நீ வர முடியாதுன்னு தெரிஞ்சுபோச்சு. பரவால்ல. ஒண்ணு மட்டும் செய். வலி வந்ததும் கூப்பிடறேன். நீ போன்ல பேசிக்கிட்டே இரு. எதையாவது பேசு. உன் ஓட்டல்காரங்களைத் திட்டு, ஊமைக்கோட்டானைத் திட்டு, எதுவானாலும் சரி. உன் சத்தம் கேட்டுக்கிட்டே இருந்தா எனக்குப் பயமிருக்காது."

"பேசறதுக்கு எனக்குச் சொல்லித் தரணுமாடி? குழந்தை வெளிய வந்து, போதும் பாட்டி வாய மூடுன்னு சொல்ற வரைக்கும் பேசறேன்," என்றாள் சித்தி. அதிலிருந்து போனைக் கையைவிட்டு இறக்கவில்லை. குளிக்கப் போனால் வாளிக்குப் பக்கத்தில் கவிழ்த்த சொம்பின் மேல் வைத்தாள்.

அந்த நிலையில்தான் கம்பெனியிலிருந்து செய்தி வந்தது. 'தங்கள் கோரிக்கையின் இறுதி முடிவு நாளைய பயணத்தில் தலைவர் அவர்களால் நேரில் வழங்கப்படும்.'

"போயிட்டு பணத்தை வாங்கி, அங்கேருந்தே டிக்கெட் எடுத்துரலாம். இன்னும் தேதி இருக்குல்ல?" என்று சித்தி என்னைக் கேட்டாள். நான் தலையாட்டினேன். அவள் பெட்டியையே தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

அன்று கூடம் பூ அலங்காரத்தோடு இருந்தது. திரையைச் சுருட்டி மேலே கட்டிவிட்டு, அங்கே மேடை போட்டிருந்தார்கள். வழக்கமான அறிவிப்பு வந்தது. எல்லோரும் விமானப் படத்தை அழுத்தினார்கள். சித்தி போனை முந்தானைக்குள் மூடிக்கொண்டாள்.

பணிப்பெண் பக்கத்தில் வந்து குனிந்தாள். "மேடம், ஃப்ளைட் மோட்."

"இன்னிக்கு மட்டும் விட்டுரு கண்ணு. எம் பொண்ணு கூப்பிடுவா."

"பறக்கறப்ப சிக்னல் இருந்தா ஆபத்துங்க."

"என்ன ஆபத்து? பல் டாக்டர் தலையில விழுந்துருவோமா?"

பணிப்பெண் உதட்டைக் கடித்துக்கொண்டு மேடையைப் பார்த்தாள். அங்கே கேப்டன் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். அதற்குள் கூடத்திலிருந்து குரல்கள் கிளம்பிவிட்டன.

"என்னம்மா, ஒருத்தரால எல்லாருக்கும் லேட்டு!"

"ரூல்ஸ்னா ரூல்ஸ்தானே? நாங்கல்லாம் போடல?"

"உயிரோட விளையாடாதீங்கம்மா," என்றார் தலையணைக்காரர், கைப்பிடியை இறுகப் பற்றியபடி.

கத்தியவர்கள் அத்தனை பேரும் பணத்தைப் பறிகொடுத்தவர்கள்தான். காலுறையில் தாள் ஒளித்துக்கொண்டு வந்த ஆளும் கத்தினார். சித்தி ஒவ்வொருவராகத் திரும்பிப் பார்த்தாள். பிடி கொஞ்சம் தளர்ந்தது. பணிப்பெண் போனை மெதுவாக அவள் கையிலிருந்து எடுத்து, விமானப் படத்தை அழுத்தி, இரண்டு கையாலும் திருப்பிக் கொடுத்தாள். "மன்னிச்சுக்கோங்கம்மா," என்றாள். மேடம் என்பதை விட்டு அம்மா என்று அவள் அழைத்தது அதுதான் முதல்முறை. அவள் கோட்டின் அக்குளில் சித்தியின் ஊக்கு இன்னும் இருந்தது.

கேப்டனின் வரவேற்பும் பாராட்டுரைகளும் மணிக்கணக்கில் நீண்ட பிறகு தலைவர் மேடையேறினார். பருமனான, சந்தோஷமான மனிதர். பேசத் தொடங்கினார்.

"என் அன்புப் பயணிகளே! இந்த ஆண்டு காலந்தவறாமைக்கான விருது நமக்குக் கிடைத்திருக்கிறது." கைதட்டல். "இதற்கு முன்பு நாம் கடைசி இடத்தில் இருந்தோம். ஏன்? நம் விமானங்கள் தரையை விட்டுக் கிளம்பிக்கொண்டிருந்தன. கிளம்பினால் மழை, காற்று, எரிபொருள் விலை. சில சமயம் போய்ச் சேரவும் வேண்டியிருந்தது. நம் கேப்டன்தான் இந்தப் புதிய வழியைக் கண்டுபிடித்தார். இந்தக் கூடத்தின் ஒவ்வொரு பயணத்தையும் நாம் விமானப் பயணமாகவே கணக்கில் சேர்க்கிறோம். சரியான நேரத்துக்குக் கிளம்புகிறது, சரியான நேரத்துக்கு இறங்குகிறது. ஒரு விபத்து உண்டா? ஒரு பெட்டி தொலைந்ததுண்டா? நண்பர்களே, விமான சேவைக்கு இருந்த ஒரே தடை விமானம்தான். அதை நாம் நீக்கிவிட்டோம்!"

கூடம் அதிரக் கைதட்டினார்கள். தலையணைக்காரர் எழுந்து நின்று தட்டினார்.

"சிலர், பணம் எப்போது திரும்ப வரும் என்று கேட்கிறீர்கள். உங்கள் இருக்கையில் உட்கார்ந்தீர்கள். பட்டி அணிந்தீர்கள். பழச்சாறு அருந்தினீர்கள். இறங்கினீர்கள். பறந்தவருக்கு எப்படிப் பணத்தைத் திருப்பித் தருவது? அது பறந்த உங்களுக்கே அவமானம் அல்லவா? ஆகவே இங்கே அமர்ந்திருக்கும் அனைவருடைய டிக்கெட்டும் முழுமையாகப் பயன்படுத்தப்பட்டுவிட்டது என்று மகிழ்ச்சியோடு அறிவிக்கிறேன்."

கைதட்டல் கொஞ்சம் தடுமாறியது. ஆனால் நிற்கவில்லை. அடுத்தவர் முதலில் நிறுத்தட்டும் என்று ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டே தட்டினார்கள். மேலே இருந்து முகமூடி எதுவும் இறங்கவில்லை.

"இந்தப் பருவத்தில் ஒரு பயணத்தைக்கூடத் தவறவிடாமல் நம்மோடு பறந்த பயணியை இப்போது கௌரவிக்கப் போகிறோம். பன்னிரண்டாம் வரிசை, நடு இருக்கை!" தலைவர் சித்தியை நோக்கிக் கையை நீட்டினார். "நாம் தரையிறங்கிவிட்டோம். எல்லோரும் கைபேசியை இயக்கலாம். படம் எடுத்துக்கொள்ளுங்கள்!"

கூடம் முழுவதும் போன்கள் உயிர்பெற்றுச் சிணுங்கின. சித்தியின் போன் அதிரத் தொடங்கியது, நிற்காமல் அதிர்ந்தது. அவள் அதை என்னிடம் நீட்டினாள். "படிடி."

நான் அவள் காதோரம் குனிந்து படித்தேன். தவறிய அழைப்புகள் வரிசையாக இருந்தன. அவற்றுக்கு நடுவே மகளின் செய்திகள். 'அம்மா வலி வந்துருச்சு, எடு.' 'அம்மா எங்க இருக்க?' 'அம்மா போனை எடேன்.' பிறகு, 'அம்மா' என்று மட்டும். அதையே திரும்பத் திரும்ப அனுப்பியிருந்தாள். கடைசியாக மருமகன் ஒரு படம் அனுப்பியிருந்தான். ஆஸ்பத்திரித் துணியில் சுற்றிய சிவந்த சின்ன முகம். கீழே எழுதியிருந்தான்: 'அத்தை, பொண்ணு பிறந்திருக்கா. எதிர்பார்த்ததுக்கு முன்னாடியே வந்துட்டா. ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க. கடைசி வரைக்கும் உங்களைத்தான் கூப்பிட்டுக்கிட்டே இருந்தா.'

சித்தி போனை வாங்கிப் படத்தை வெகுநேரம் பார்த்தாள். அதற்குள் தலைவரே மேடையிலிருந்து இறங்கி வந்துவிட்டார். ஒரு பொன்னாடையை அவள் தோளில் போர்த்தினார். கண்ணாடிப் பேழைக்குள் இருந்த பொம்மை விமானத்தை அவள் மடியில் வைத்தார். எட்டிப் போனைப் பார்த்துவிட்டு, "குழந்தையா? ஆஹா! நம் பயணத்தின்போது கிடைத்த நற்செய்தி! ரெண்டு வயசு வரைக்கும் மடியிலேயே பறக்கலாம், டிக்கெட்டில் சலுகை உண்டு!" என்று ஒலிவாங்கியில் முழங்கினார். "அம்மா, எங்களோடு பறந்த அனுபவத்தைப் பற்றி ரெண்டு வார்த்தை சொல்லுங்க."

ஒலிவாங்கியை அவள் கையில் கொடுத்தார். எனக்குள் ஒரு மகிழ்ச்சி கிளம்பியதை மறைக்க விரும்பவில்லை. ஓட்டல் முதலாளிகளை ஓடவிட்ட வாய் அது. காவலாளியை, கேப்டனை, பதிவுக் குரலைக்கூட விட்டுவைக்காத வாய். இப்போது அதற்கு ஒலிவாங்கியும் கிடைத்துவிட்டது.

சித்தி எழுந்து நின்றாள். தலைவரைப் பார்த்தாள். கேப்டனைப் பார்த்தாள். கைதட்டத் தயாராகக் கையை விரித்துவைத்திருந்த தலையணைக்காரரைப் பார்த்தாள். வாயைத் திறந்தாள். பிறகு மூடிக்கொண்டாள்.

ஒலிவாங்கியை என் கையில் கொடுத்தாள். பொன்னாடையை மடித்து, பொம்மை விமானத்தோடு சேர்த்துப் பன்னிரண்டாம் வரிசையின் நடு இருக்கையில் வைத்தாள். பட்டியை எடுத்து அவற்றின்மேல் மாட்டி இறுக்கினாள். மேலிருந்த குழந்தைச் சட்டைப் பெட்டியை இறக்கிக்கொண்டு நடைபாதையைத் தாண்டி, சிவப்பு எழுத்துக் கதவை நோக்கிப் போனாள். "மேடம், அது அவசரத்துக்கு மட்டும்," என்று கேப்டன் குரல் கொடுத்தார். சித்தி தோளால் இடித்தாள். அட்டை என்று நான் நினைத்திருந்த கதவு திறந்துகொண்டது. வெயிலும் தெருச் சத்தமும் உள்ளே வந்தன. வெளியே சாதாரண இரும்புப் படிக்கட்டு இருந்தது.

அத்தனை முகங்களும் என் பக்கம் திரும்பின. என் மூச்சு ஒலிபெருக்கியில் பெரிதாகக் கேட்டது. சித்தி திரும்பிப் பார்க்கவில்லை. ஒரு வார்த்தை சொல்லாமல் படியிறங்கிப் போய்விட்டாள்.